கலிங்கத்துப்பரணியில் பேய்கள்

சோழன் முதற்குலோத்துங்கனின் கலிங்க வெற்றியைச் செயங்கொண்டார் பாடிய பரணி நூலில் வரும் காளியின் பரிவாரம். 12ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுந்த இந்நூலில் படை நடத்திய கருணாகரத் தொண்டைமானுக்கு இணையான இடம் இப்பேய்களுக்கு உண்டு. பசியில் வற்றிய உடல், குழிந்த வயிறு, துருத்திய எலும்பு. நொண்டி, குருடு, செவிடு, ஊமை எனப் பல வகை.

இந்திரசாலம் என்ற பகுதி நூலின் உச்சங்களுள் ஒன்று. காளிக்கு அஞ்சி இமயத்தில் ஒளிந்திருந்த முதுபேய் ஒன்று, அங்கே கற்ற மாய வித்தையை அவள்முன் காட்டுகிறது. வெட்டுண்ட யானைகளும் குருதி வெள்ளமும் தோன்றுகின்றன. பசித்த பேய்கள் பாய்ந்து அள்ளுகின்றன. கையில் ஒன்றும் இல்லை. ஒன்றன்மேல் ஒன்று விழுந்து, வித்தையை நிறுத்தச் சொல்லிக் கெஞ்சுகின்றன. சிரிப்பும் இரக்கமும் இவ்வளவு நெருங்கி நிற்கும் இடம் பழந்தமிழில் அரிது.

சோழர் குல வரலாற்றைச் சொல்வதும் இந்த முதுபேயே. மன்னன் புகழைப் பேயின் வாயில் வைத்தது செயங்கொண்டாரின் துணிச்சல். பின்னர் மெய்யான போர் மூள்கிறது. களத்தில் கூழ் சமைத்துப் பேய்கள் பசியாறுகின்றன. பின்வந்த ஒட்டக்கூத்தரின் தக்கயாகப்பரணியிலும் பேய்கள் கூழடுகின்றன.