சர்ச்சிலுக்குப் பிடிக்காத சர்ச்சில்

பெரிய தலைவர் ஒருத்தரோட படத்தை வரையறதுல அப்படி என்ன கஷ்டம்? மூக்கும் முழியும் சரியா வந்தா போதாதா? கிரஹாம் சதர்லாண்ட் கதையைப் படிக்கிற வரைக்கும் நானும் அப்படித்தான் நினைச்சிட்டிருந்தேன்.

1954 நவம்பர் 30-ல் பிரிட்டிஷ் பிரதமர் வின்ஸ்டன் சர்ச்சிலுக்கு 80 வயசு. பாராளுமன்றத்தின் இரண்டு அவைகளும் சேர்ந்து அவருக்கு ஒரு உருவப்படம் பரிசளிக்க முடிவு செய்தன. சதர்லாண்டுக்குப் பேசிய சம்பளம் 1000 கினி.

எங்க சாஃப்ட்வேர் தொழில்ல இது பழகின தலைவலி. காசு கொடுக்கிறவர் ஒருத்தர், உபயோகிக்கப் போறவர் இன்னொருத்தர். கார்ட்டர் விருதுக்கான அங்கியில் கம்பீரமா இருக்கணும்னு சர்ச்சிலுக்கு ஆசை. கமிட்டியோ, சபைக்கு வழக்கமா வர்ற உடுப்புலயே வரையச் சொல்லிடுச்சு.

ஆகஸ்டில் சர்ச்சிலின் சார்ட்வெல் வீட்டில் வேலை தொடங்கியது. என்னைக் குட்டி தேவதையா வரையப் போறீங்களா, புல்டாக்காவான்னு அவர் கேட்டாராம். நீங்க எதைக் காட்டுறீங்களோ அதைன்னு சதர்லாண்ட் சொன்னாராம். சிக்கலே இங்கதான். சர்ச்சில் மனசுல இருந்தது 1940-ன் சர்ச்சில். எதிரே உட்கார்ந்திருந்தவரோ முந்தின வருஷம் பக்கவாதம் வந்து தேறியவர் (அந்த விஷயத்தை நாட்டுக்கே சொல்லாம மறைச்சாங்க). எப்போ பதவி விலகுவார்னு சொந்தக் கட்சியிலயே காத்திருந்தாங்க. போதாததுக்கு சர்ச்சிலும் படம் வரையறவர். அவரை ஏமாத்தவும் முடியாது!

சதர்லாண்ட் கண்ணால் பார்த்ததை வரைந்தார். நாற்காலியின் கைப்பிடிகளைப் பிடித்துக்கொண்டு, உடம்பு தளர்ந்து உட்கார்ந்திருக்கும் கிழவர். சர்ச்சில் கொதிச்சுப் போய், விழாவில் இந்தப் படமே வேண்டாம்னுட்டார். சமாதானப்படுத்தித்தான் வெஸ்ட்மின்ஸ்டர் ஹாலுக்குக் கூட்டிட்டு வந்தாங்க. மேடையில் அவர், "நவீன ஓவியத்துக்கு அபாரமான உதாரணம்" என்றதும் சபை முழுக்க சிரிப்பு. பாவம் சதர்லாண்ட், அங்கேயேதான் இருந்தார்.

படம் அதற்குப் பிறகு வெளியே வரவே இல்லை. 1977 டிசம்பரில் சர்ச்சிலின் மனைவி கிளமெண்டைன் இறந்து, அடுத்த மாசம்தான் உண்மை தெரிஞ்சது. அவர் சம்மதத்தோட அதை எப்பவோ அழிச்சிருக்காங்க. அவருடைய செயலாளர், தன் சகோதரரோட சேர்ந்து எரித்த விவரம் இன்னும் பல வருஷம் கழிச்சுதான் வந்தது. இது அராஜகம்னு சதர்லாண்ட் கொதிச்சார். நானும் அவர் கட்சிதான். ஆனா புருஷன் தினம் அந்தப் படத்தை நினைச்சுப் புழுங்கறதைப் பார்த்த அந்தம்மாவைத் திட்டவும் வாய் வரலை.

முன்னோட்டமா போட்ட ஸ்கெட்ச்கள் மட்டும் தப்பிச்சிருக்கு. சிலது லண்டன் தேசிய உருவப்படக் காட்சியகத்துல இருக்கு.