அரபுத்தமிழில் வந்த ஊர்க் கடிதங்கள்

நம் பாட்டனார்கள் மலாயாவுக்குப் புறப்பட்டதைக் கீழக்கரை, பனைக்குளம், நாகூர்ப் பக்கங்களில் "சபர் போனார்" என்பார்கள். போனவர் சபராளி. ராமநாதபுரம் கரையோரச் சிற்றூர்களில் வானம் பார்த்த வயல், கண்மாய், பனை, கடல் இவைதான் பிழைப்பு. அது போதாதபோது ஆண்கள் ரஜுலா கப்பலேறினார்கள். 1926இல் கட்டப்பட்ட அக்கப்பல் சென்னை, நாகப்பட்டினத்திலிருந்து பினாங்கு, போர்ட் சுவெட்டன்ஹாம் வழியாகச் சிங்கப்பூர் வரை ஓடியது. போர்ட் சுவெட்டன்ஹாம்தான் 1972 முதல் நம் போர்ட் கிள்ளான்.

1863இல் எழுந்த மஸ்ஜித் இந்தியாவைப் பற்றியும் கடைத்தெருக்களைப் பற்றியும் விழா மலர்களில் நிறைய வந்துவிட்டது. ஊரில் இருந்தவர்களைப் பற்றித்தான் குறைவு.

சபராளி திரும்ப ஆண்டுக்கணக்கில் ஆகும். அதுவரை வயல் குத்தகை, வீட்டுக் கூரை, கடன், பிள்ளையின் சுன்னத்து, மகளுக்கு மாப்பிள்ளை எல்லாம் பெண்கள் பொறுப்பு. கடையின் மாடியில் படுத்திருந்தவரிடம் அவர்கள் யோசனை கேட்டது கடிதத்தில். பள்ளிக்கூடம் போகாத பெண்கள் பலர். ஆனால் சிறுவயதில் குர்ஆன் ஓதியவர்கள். தமிழ் எழுத்து தெரியாவிட்டாலும் அரபு எழுத்து தெரியும். அந்த எழுத்தில் தமிழை எழுதுவதே அரபுத்தமிழ். வலமிருந்து இடமாகப் போகும். அரபியில் இல்லாத ப, ட, ழ போன்ற ஒலிகளுக்குப் புள்ளிகளைக் கூட்டி எழுத்து செய்துகொண்டார்கள். கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816–1898) மகானி போன்ற நூல்களையே இதில் எழுதினார்.

இதில் ஒரு பெரிய வசதி இருந்தது. வாத்தியாரைக் கூப்பிட்டுக் கடிதம் படிக்கச் சொன்னால் வீட்டுக் கடன் தெருவுக்குத் தெரியும். மாமியார் மீதுள்ள மனக்குறையை அதில் எழுதவே முடியாது. தானே எழுதித் தானே படித்தவளுக்கு அந்தத் தொல்லை இல்லை. கணவன் மனைவிக்குள் ரகசியம் இருந்ததென்றால், என் கணிப்பில், இந்த எழுத்தால்தான்.

1968ஆம் ஆண்டுச் சட்டத்தால் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் கட்டாயமானது. பலர் ஊர் திரும்பினார்கள். இங்கேயே தங்கியவர்கள் குடும்பத்தைக் கூட்டி வந்தார்கள். கடிதங்களும் குறைந்தன.

அரபு எழுத்துள்ள தாளைக் குப்பையில் போட நம்மவர்களுக்கு மனம் வராது. அதனால் பிரிக்பீல்ட்ஸ், கிள்ளான் வீடுகளின் பழைய டிரங்குப் பெட்டிகளில் சில இன்னும் இருக்கலாம், துஆ ஏடு என்ற நினைப்பில். அப்படி ஒன்று கிடைத்தால் மடித்து வைக்க வேண்டாம். ஓதத் தெரிந்த ஒருவரை எழுத்துக் கூட்டி வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். இரண்டாம் வரியிலேயே தமிழ் காதில் விழுந்துவிடும்.