ஒற்றிக்குப் போன காணி

சென்ற இதழில் யாழ்ப்பாணக் குடாநாட்டை விட்டுக் கிளாலிக் கடலேரியை இரவில் படகேறிக் கடந்தவர்களைப் பார்த்தோம். இந்த வாரம், போக வழியில்லாமல் நின்றுவிட்டவர்களின் வளவுக்குள் போவோம்.

1990 ஜூனில் அரசுக்கும் புலிகளுக்கும் போர் மறுபடி மூண்டதும் குடாநாட்டில் மின்சாரம் நின்றது. எரிபொருள், பற்றறி, உரம் எல்லாவற்றுக்கும் தடை. ஜாம் போத்தலுக்குள் பஞ்சு வைத்து, கொஞ்சம் மண்ணெண்ணெய் விட்டு, அந்தத் திரி வெளிச்சத்தில் பிள்ளைகள் படித்தார்கள். சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவைச் சுழற்றி வானொலி கேட்டார்கள். எல்லோரும் ஒன்றாகக் கஷ்டப்பட்ட காலம் என்றே இதை எழுதி வருகிறோம். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஒரே வளவில் இருந்த அண்ணன் தம்பிகூட ஒரே கஷ்டத்தைப் படவில்லை.

நான் சொல்லும் வளவு ஒன்றல்ல. குடாநாட்டின் வலிகாமத்தில் அப்படிப் பல இருந்தன. அண்ணனின் மகன்கள் 1983க்குப் பிறகு கனடாவுக்கும் சுவிஸுக்கும் போய்விட்டார்கள். உண்டியல் முறையில் காசு வந்தது. தம்பிக்குத் தோட்டம்தான், உரமில்லை, இறைக்க எண்ணெயில்லை. அண்ணன் கடன் கொடுத்தார், காணி உறுதியை வாங்கி வைத்துக்கொண்டு. ஒல்லாந்தர் 1707இல் தொகுத்த தேசவழமைச் சட்டத்தில் ஒற்றிக்கு இடமுண்டு: வட்டிக்குப் பதிலாகக் காணியின் பலன் கடன் கொடுத்தவருக்கு. தம்பி நட்ட தென்னையின் தேங்காயைப் பெரியம்மா பொறுக்கிக்கொண்டு போக, பிள்ளைகள் பார்த்துக்கொண்டு நின்றார்கள். வழமை இடம் கொடுத்தது என்பதால் அநியாயம் நியாயமாகிவிடாது.

புலிகள் வீட்டுக்கு 2 பவுண் தங்கம் கேட்டபோது அண்ணன் வீட்டில் பெட்டியைத் திறந்து கொடுத்தார்கள். தம்பி வீட்டில் தாலிக்கொடி போனது.

தம்பி தன் மூத்தவனை வெளியே அனுப்ப ஏஜென்சிக்குக் காசு கேட்டார். எல்லாப் பெடியளும் போனால் மண்ணை ஆர் காப்பது என்று பெரியப்பா புத்தி சொன்னார். தன் பிள்ளைகள் போனபோது அவருக்கு அந்த யோசனை வரவில்லை. பெடியன் இயக்கத்துக்குப் போனான். அவன் உடல் வந்த நாளில் முன்னால் நின்று பேசியவரும் அவர்தான். குடும்பத்துக்கே பெருமை என்றார். இந்தப் பொய்க்கு நாம் இன்னும் கணக்குக் கேட்கவில்லை.

1995 அக்டோபர் 30 இரவு, வலிகாமமே இடம்பெயர்ந்தபோது, மழைக்குள், இரண்டு குடும்பமும் நாவற்குழிப் பாலம் கடந்து தென்மராட்சிக்குப் போயின. பிறகு அண்ணன் கொழும்புக்குப் போனார், உறுதியோடு. தம்பி 1996இல் வலிகாமம் திரும்பினார். வீட்டுக்குக் கூரையில்லை. ஒற்றியை மீட்கச் சொல்லிக் கொழும்பிலிருந்து கடிதம் வந்தது.

(தொடரும்)