கன்னக்குழியும் நீர்க்குடமும்

ஜப்பானியத் திரைப்படம் என்றவுடன் வாளேந்திய வீரரை நினைப்பவர் நம்மில் பலர். பெருநிறுவனங்களின் துணையின்றி, கடன்பட்டுப் படமெடுத்த சிறு கூட்டமும் அந்நாட்டில் இருந்தது. அக்கூட்டத்தின் முகமாக விளங்கியவர் நொபுக்கோ ஒத்தோவா அம்மையார்.

1924இல் பிறந்த அவர், பெண்களே நடிக்கும் தக்கராஸுகா இசைநாடகக் குழுவில் புகழ் பெற்று, 1950இல் டையே நிறுவனத்தில் சேர்ந்தார். 'பத்து இலட்சம் டாலர் கன்னக்குழி' என்று அவருக்குப் பட்டம் சூட்டி விளம்பரம் செய்தனர். அந்தக் கன்னக்குழியை மட்டும் நம்பி அவர் நெடுங்காலம் வாழ்ந்திருக்கலாம். ஆனால், 1952இல் இயக்குநர் கனெத்தோ ஷிந்தோவின் 'அணுகுண்டின் குழந்தைகள்' படத்தில் நடிக்க விழைந்தார். நிறுவனம் மறுத்தும் நடித்தார். பின்னர் நிறுவனத்தையே விட்டு விலகி, ஷிந்தோவும் நண்பர்களும் 1950இல் தொடங்கிய நவீனத் திரைப்படக் கழகத்தில் இணைந்தார்.

அணுகுண்டுச் சிறார்களின் அனுபவங்களைக் கல்வியாளர் அராத்தா ஒசாதா தொகுத்த நூலே அப்படத்தின் மூலம். இடிபாடு நீங்காத ஹிரோஷிமாவிலேயே, ஆவணப்படம் போன்று அதனை எடுத்தனர். ஒத்தோவா ஏற்றது ஆசிரியை வேடம். குண்டுக்குப் பிழைத்த பழைய மழலைப்பள்ளி மாணவரைத் தேடி, விடுமுறையில் வீடு வீடாகச் செல்கிறார் அந்த ஆசிரியை. படத்துக்கு ஆதரவளித்த ஜப்பானிய ஆசிரியர் சங்கமோ, அதில் கண்ணீர் மிகுதி, கண்டனம் குறைவு என்று கருதி, 1953இல் வேறொரு படம் எடுக்கச் செய்தது. இவ்விடத்தில் நான் சங்கத்தின் பக்கம் நிற்க மாட்டேன். மாணவர் பெயர்ப்பட்டியலை நெஞ்சில் சுமந்து நடக்கும் ஓர் ஆசிரியையைவிடப் பெரிய கண்டனம் எது?

1960இல் கழகம் கடனில் மூழ்கியிருந்தது. ஏறத்தாழ ஐம்பது இலட்சம் யென் செலவில், பத்துப் பதின்மூன்று பேர் கொண்ட குழுவுடன், உள்நாட்டுக் கடலிலுள்ள சுகுனே என்னும் சிறு தீவில் 'வெற்றுத் தீவு' உருவாயிற்று. உரையாடலே இல்லாத படம் அது. நன்னீரில்லாத் தீவில் வாழும் உழவனும் மனைவியும் அக்கரையிலிருந்து படகில் நீர் கொணர்ந்து, காவடித்தண்டில் தொங்கவிட்டுச் செங்குத்தான மேட்டில் ஏறிப் பயிருக்கு வார்க்கின்றனர். ஒருநாள் அவள் கால் இடறி நீரைக் கொட்டிவிடுகிறாள். கணவன் அவள் கன்னத்தில் அறைகிறான். விளம்பரத்துக்கு உதவிய அதே கன்னம்! அவள் எழுந்து மீண்டும் வேலையில் இறங்குகிறாள். பின்னர் மூத்த மகன் இறக்கிறான். அப்போதுதான் அவள் நீரை வீசியெறிந்து, பயிரைப் பிடுங்கி, மண்ணில் விழுந்து கதறுகிறாள். கணவன் வாளாநின்று பார்த்துவிட்டு, நீர் வார்க்கத் திரும்புகிறான். சற்றுப் பொறுத்து அவளும் எழுகிறாள்.

1961இல் மாஸ்கோ விழாவில் இப்படம் முதற்பரிசைப் பகிர்ந்துகொண்டது. பல நாடுகளில் விற்பனையாகிக் கழகத்தின் கடனையும் தீர்த்தது.

ஒத்தோவா 1978இல் ஷிந்தோவை மணந்தார். ஈரல் புற்றுநோய் முற்றிய நிலையிலும் 'பிற்பகலின் இறுதிமுறி' படத்தில் நடித்து முடித்தார். 1994 திசம்பரில் மறைந்தார். படம் மறு ஆண்டு வெளிவந்தது. அவரது அத்தியில் ஒரு பங்கைச் சுகுனேயைச் சூழ்ந்த கடலில் தூவினர். 2012இல் நூறு வயதில் மறைந்த ஷிந்தோவின் அத்தியும் அங்கேயே கரைந்தது.