யெஹுதி மெனுஹின்: எப்படி வாசிக்கிறோம்னு தெரியாத மேதை

1/ 1929, பெர்லின். அமெரிக்காலேர்ந்து வந்த 12 வயசுப் பையன் ஒரே கச்சேரில பாக், பீத்தோவன், பிராம்ஸ்னு மூணு பேரோட வயலின் கான்செர்ட்டோவையும் வாசிக்கிறான். ஊரே அசந்துபோச்சு.

2/ ஆனா அறிகுறி முன்னாடியே தெரிஞ்சது (டாக்டர் புத்தி, இப்படித்தான் வார்த்தை வரும்). பெல்ஜிய மேதை இசாயி முன்னால பெரிய உருப்படியை அநாயாசமா வாசிச்சான். அவர் "சரி, ஏ மேஜர் ஆர்பெஜியோ வாசி"ன்னதும் தடுமாறிட்டான். பல்லவி பாடுற பிள்ளை ஜண்டை வரிசைல தடுக்கி விழற மாதிரி!

3/ அதுவரை எல்லாமே உள்ளுணர்வு. இரண்டாம் உலகப்போர்ல வீரர்களுக்காக 500 கச்சேரிக்கு மேல வாசிச்சார். அந்தக் காலகட்டத்துல வில் பிடிக்கிற வலது கை சொன்னபடி கேட்கலை. எப்படி வாசிக்கிறோம்னே தெரியாதவர் எதைச் சரிபண்ணுவார்? முப்பது வயசுல அடிப்படையிலேர்ந்து கத்துக்க உட்கார்ந்தார்.

4/ 1952-ல பம்பாய்ல பி.கே.எஸ். ஐயங்காரைச் சந்திச்சார். பிறகு அவருக்குப் பரிசளிச்ச கைக்கடிகாரத்துல, தன் சிறந்த வயலின் ஆசிரியர்னே பொறிச்சுக் கொடுத்தார். உடனே "யோகா குணப்படுத்திடுச்சு"ன்னு ஃபார்வர்ட் போடாதீங்க. உதவிச்சுன்னு அவரே சொன்னார். ஆனா வில்லோட போராட்டம் முழுசாத் தீரலை. என்ன நோய்னு கேட்காதீங்க, பார்க்காத நோயாளிக்கு டயக்னோசிஸ் எழுதமாட்டேன்.

5/ 16 வயசுல எல்கரே நடத்த, எல்கர் கான்செர்ட்டோவைப் பதிவு பண்ணினார். 1947-ல ஃபுர்ட்வாங்ளரோட பீத்தோவன். ரெண்டையும் கேளுங்க. முதலாவதுல பிசிறே இல்லை. எனக்குப் பிடிச்சது ரெண்டாவது.