திரையில் வந்த மதுரைப் பேராசிரியர்



ஆவணப்படங்களில் ஓர் அறிஞர் சில நிமிடம் விளக்கம் சொல்லிவிட்டுப் போவார். நம் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் நோய் எதிர்ப்பியல் பேராசிரியராக இருந்த பிச்சப்பன் அப்படி உலகத் திரையில் வந்தவர். 2003இல் ஸ்பென்சர் வெல்ஸ் நடத்திய 'தி ஜர்னி ஆஃப் மேன்', 2007இல் மைக்கேல் வுட் வழங்கிய பிபிசியின் 'தி ஸ்டோரி ஆஃப் இந்தியா' இரண்டிலும் அவரைப் பார்க்கலாம்.

அந்தச் சில நிமிடங்களுக்குப் பின்னால் பல ஆண்டு உழைப்பு உண்டு. மதுரை வட்டாரத்து மக்களின் ரத்த மாதிரிகளை ஆராய்ந்ததில் எம்130 என்ற மரபணுக் குறி கிடைத்தது. ஆப்பிரிக்காவிலிருந்து கடலோரமாக ஆஸ்திரேலியா வரை ஆதிமனிதர் சென்ற வழிக்கு அது ஒரு சான்று.

உடனே, 'முதல் இந்தியர் எங்கள் சாதிதான்' என்று பெருமை பேசுவோர் உண்டு. அது தவறு. இந்தக் குறி தந்தையிடமிருந்து மகனுக்கு மட்டுமே போகும். பத்துத் தலைமுறை பின்னே கணக்கிட்டால் ஒருவருக்கு 1,024 முன்னோர்; அவர்களில் ஒரே ஒருவரின் தடம்தான் இது.

பிள்ளைகளோடு ஆவணப்படம் பார்க்கும்போது, அறிஞர் எதைச் சொன்னார், எதைச் சொல்லவில்லை என்று சேர்த்தே பேசுங்கள்.

அடி அண்ணாமலையிலிருந்து,
உங்கள் ஆசிரியர்