சொஹ்ராப் ஷாஹித் சாலெஸின் ஜெர்மானியப் படங்கள்: பின்னிரவுத் தொலைக்காட்சி வளர்த்த ஒரு தனிவழி

ஈரானிய இயக்குநர்கள் கியாரோஸ்தமியையும் மஜீதியையும் ஊர் ஊராகத் திரையிட்டுப் பார்த்த நம் திரைப்படச் சங்கங்களில் சொஹ்ராப் ஷாஹித் சாலெஸின் பெயர் அரிதாகவே அடிபடுகிறது. ஈரானில் அவர் முடித்த நீளப்படங்கள் இரண்டே. அதன்பின் மேற்கு ஜெர்மனிக்குப் போய், 1975 முதல் 1992 வரை அங்கே 13 படங்கள் எடுத்தார். அவரைப் பற்றி எழுதுபவர்கள் பெரும்பாலும் இதை ஒரு நாடுகடந்த கலைஞனின் துயரக் கதையாகச் சொல்லி முடித்துவிடுகிறார்கள். துயரம் இருந்தது உண்மைதான். ஆனால் சந்தையில் விலைபோகாத படங்களை அந்நிய மொழியில், அந்நிய நாட்டில் ஒருவரால் 13 முறை எப்படி எடுக்க முடிந்தது என்ற கேள்விக்கு அந்தக் கதையில் பதில் இல்லை. பதில் அன்றைய மேற்கு ஜெர்மானியத் தொலைக்காட்சியின் அமைப்பில் இருக்கிறது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

சாலெஸ் 1944இல் தெஹ்ரானில் பிறந்தவர். வியன்னாவிலும் பாரிஸிலும் திரைப்படம் படித்துவிட்டு ஈரான் திரும்பி, கலை பண்பாட்டு அமைச்சகத்துக்காக ஆவணப்படங்கள் எடுத்தார். குறும்படம் எடுப்பதாகச் சொல்லிவிட்டு அந்தச் சிறு தொகையில் ‘ஓர் எளிய நிகழ்வு’ (1973) என்ற நீளப்படத்தை எடுத்துவிட்டார் என்பது ஈரானியத் திரை வரலாற்றில் நிலைத்துவிட்ட செய்தி. காஸ்பியன் கடலோர ஊர் ஒன்றில் ஒரு சிறுவன். தந்தை திருட்டுத்தனமாகப் பிடிக்கும் மீனைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டுப் பள்ளிக்கு ஓடுகிறான். நோயாளித் தாய் ஒருநாள் இறந்துபோகிறாள். அந்த மரணமும் அன்றாட வேலைகளில் ஒன்றுபோலவே கடந்துபோகிறது. அடுத்த ஆண்டு ‘ஸ்டில் லைஃப்’. ஆளரவமற்ற ரயில்வே கேட் ஒன்றைக் காலமெல்லாம் ஏற்றி இறக்கிய கிழவருக்கு ஓய்வு பெறும்படி கடிதம் வருகிறது. ‘ஓய்வு’ என்றால் தனக்கு என்ன ஆகும் என்பதே அவருக்கு விளங்கவில்லை. அவர் தேநீர் குடிப்பதையும், விளக்கை ஏற்றுவதையும், மனைவி கம்பளம் நெய்வதையும் கேமரா அவசரமில்லாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. 1974 கோடையில் பெர்லின் விழாவில் இப்படத்துக்கு வெள்ளிக் கரடி கிடைத்தது.

விருது வந்ததால் வழி திறந்துவிடவில்லை. அடுத்து எடுக்கத் தொடங்கிய ‘தனிமைப்படுத்தல்’ அதிகாரிகளின் தலையீட்டால் பாதியில் நின்றது. ஷாவின் அரசு வெளிநாட்டு விழாக்களில் பெருமையை விரும்பியது. உள்ளூர் வறுமை அங்கே காட்சிக்கு வைக்கப்படுவதை விரும்பவில்லை. சாலெஸ் வெளியேறினார். 1979 புரட்சிக்குப் பிறகு கலைஞர்கள் பலர் வெளியேறியதற்குச் சில ஆண்டுகள் முன்பே நடந்தது இது. இந்த வரிசையைப் பலரும் மாற்றிச் சொல்லிவிடுகிறார்கள்.

அவர் போய் இறங்கிய நேரம் முக்கியமானது. துருக்கியிலிருந்து தொழிலாளர்களை அழைக்க மேற்கு ஜெர்மனி 1961இல் ஒப்பந்தம் செய்திருந்தது. எண்ணெய் நெருக்கடி தலைதூக்கிய 1973 நவம்பரில் ஆள் எடுப்பதையே நிறுத்தியது. வந்தவர்கள் திரும்பிப் போவார்கள் என்று அரசு எதிர்பார்த்தது. அவர்களோ குடும்பங்களை வரவழைத்துக்கொண்டார்கள். திரையுலகிலும் ஒரு திருப்பம். அரசின் திரைப்பட ஊக்குவிப்பு நிறுவனத்துக்கும் பொதுத் தொலைக்காட்சி நிலையங்களுக்கும் 1974இல் உடன்பாடு ஏற்பட்டு, தொலைக்காட்சியின் பணம் திரைப்படத் தயாரிப்புக்குள் முறையாக வரத் தொடங்கியது. அதற்கு முன்பே, 1963இல் ஒளிபரப்பைத் தொடங்கிய ஸெட்.டி.எஃப். நிலையத்தில் ‘சிறு தொலைக்காட்சி நாடகம்’ என்றொரு பிரிவு இயங்கிவந்தது. புதியவர்களுக்கும், வேறெங்கும் பணம் கிடைக்காதவர்களுக்கும் அதன் கதவு திறந்திருந்தது. படங்கள் பின்னிரவில் ஒளிபரப்பாகும். எத்தனை பேர் பார்த்தார்கள் என்று யாரும் கணக்குக் கேட்கவில்லை. உரிமக் கட்டணத்தில் வாழ்ந்த நிலையங்களுக்கு அந்தத் தாராளம் கட்டுப்படியானது.

ஈரானிய–மேற்கு ஜெர்மானியக் கூட்டுத் தயாரிப்பான ‘அந்நிய மண்ணில்’ (1975) இந்தச் சூழலில் பிறந்தது. பெர்லினின் குரோய்ட்ஸ்பெர்க் பகுதியில் சக துருக்கியரோடு ஒரே வீட்டில் தங்கியிருக்கும் ஹுசைனின் நாட்கள்தான் கதை. தொழிற்சாலையில் அழுத்து இயந்திரத்தை இயக்குகிறான், சுரங்க ரயிலில் திரும்புகிறான், மறுநாளும் அதே. ஹுசைனாக நடித்தவர் பர்வீஸ் சய்யாத். ‘சமத்’ என்ற பட்டிக்காட்டுப் பாத்திரத்தால் ஈரான் முழுவதையும் சிரிக்கவைத்த நடிகர் அவர். நாகேஷைக் கூப்பிட்டு, வாயைத் திறக்காமல் ஒன்றரை மணி நேரம் இயந்திரத்தின் முன் நிற்கச் சொன்னதற்கு ஒப்பான துணிச்சல் அது. ஒரு தயாரிப்பாளர் கேட்டிருந்தால் நெஞ்சு வலித்திருக்கும்.

இதற்கு ஓர் ஆண்டு முன்பு ஃபாஸ்பிண்டரின் ‘பயம் ஆன்மாவைத் தின்கிறது’ வெளியாகியிருந்தது. மொராக்கோ இளைஞனை மணக்கும் ஜெர்மானிய மூதாட்டியின் கதை அது. அங்கே அந்நியனைச் சுற்றி ஜெர்மானியர்கள் என்ன ஆகிறார்கள் என்பது மையம். காதலும் மோதலும் படத்தை நகர்த்துகின்றன. சாலெஸின் படத்தில் அப்படி எதுவும் நகர்த்துவதில்லை. தொழிலாளியின் நேரம் எப்படித் தின்னப்படுகிறது என்பதை நேரத்தைக் கொண்டே காட்டினார். ரயில்வே கேட் கிழவரும் ஹுசைனும் ஒரே ஆள்தான். நாடு மட்டும் வேறு.

அந்த ஆளை அடுத்து அவர் ஜெர்மானியர்களிடையே தேடினார். ‘முதிரும் பருவம்’ (1976) ஒன்பது வயது பெர்லின் சிறுவனைப் பின்தொடர்கிறது. பகலில் தூங்கி இரவில் வேலைக்குப் போகும் தாய் என்ன தொழில் செய்கிறாள் என்பது அவனுக்குப் பிறகுதான் தெரியவருகிறது. ‘ஒழுங்கு’ (1980) படத்தில் வேலையில்லாத பொறியாளர் ஒருவர் விடிகாலைத் தெருவில் நின்று, உறங்கும் வீடுகளைப் பார்த்து எழுந்திருக்கும்படி கத்துகிறார். ‘உட்டோபியா’ (1983) 198 நிமிடம் ஓடும். ஐந்து பெண்களும் அவர்களை வைத்துத் தொழில் நடத்தும் ஒருவனும் ஒரு வீட்டுக்குள் அடைந்துகிடக்கிறார்கள். அந்தப் பெண்களுக்கு முதலாளியிடமிருந்து தப்புவதைவிட அவன் ஏற்படுத்திய ஒழுங்கிலிருந்து தப்புவதே கடினம் என்று படம் காட்டும் இடம், என் பார்வையில், அவருடைய வேலையின் உச்சம்.

திரைப்பட ஆய்வாளர் ஹமீத் நஃபிசி 2001இல் வெளியிட்ட தம் நூலில் புலம்பெயர் இயக்குநர்களின் படங்களை ‘உச்சரிப்பு வேறுபட்ட சினிமா’ என்று வகைப்படுத்தி, சாலெஸையும் அதில் சேர்த்தார். பயனுள்ள வகைப்பாடுதான்; ஆனால் சாலெஸ் அதில் முழுதாகப் பொருந்துவதில்லை. அந்த வகைக்குரிய தாயக ஏக்கத்தை அவருடைய ஜெர்மானியப் படங்களில் தேடிப் பிடிக்க வேண்டியிருக்கிறது. நாடிழந்தவர்களை அவர் பேசியபோதுகூடப் பிறரின் வழியாகவே பேசினார். நாஜிகள் ஆட்சிக்கு வந்த 1933இல் பாரிஸுக்குத் தப்பிய யூத விமர்சகர் லோட்டே ஐஸ்னரைப் பேட்டி கண்டு எடுத்த படத்துக்கு ‘லோட்டே ஐஸ்னரின் நீண்ட விடுமுறை’ (1979) என்று பெயரிட்டார். சாவதற்காகச் சொந்த ஊர் திரும்பும் பத்தொன்பதாம் நூற்றாண்டு நாடகாசிரியரைப் பற்றிய ‘கிராபேயின் கடைசிக் கோடை’ (1980) ஜெர்மனியின் மதிப்புக்குரிய கிரிம்மே தொலைக்காட்சி விருதைப் பெற்றது. செகாவ் மீது அவருக்கு ஆயுள்கால ஈடுபாடு. 1981இல் அவரைப் பற்றி ஆவணப்படமும், பிறகு அவர் கதையிலிருந்து ‘வில்லோ மர’மும் எடுத்தார். கொலை செய்தவன் தானே ஒப்புக்கொள்ள வந்தாலும் எந்த அலுவலகமும் அவனை ஏற்காத அந்தக் கதையைச் செக்கோஸ்லோவாக்கியாவுக்குப் போய்ப் படமாக்கினார்.

1983இல், ஊர் திரும்பும் அந்நியத் தொழிலாளர்களுக்கு 10,500 மார்க் தருவதாக மேற்கு ஜெர்மானிய அரசு சட்டம் இயற்றியது. அதே ஆண்டு வந்த ‘பெறுநர் தெரியவில்லை’ அந்நியர் மீதான வெறுப்பை நேரடியாக எடுத்துக்கொண்டது. அதற்குள் தொலைக்காட்சியும் மாறத் தொடங்கியிருந்தது. 1984இல் தனியார் நிலையங்கள் வந்தன. பொது நிலையங்களும் பார்வையாளர் எண்ணிக்கையைப் பற்றிக் கவலைப்படத் தொடங்கின. சாலெஸின் வேகத்தை இதனோடு வைத்துப் பார்க்க வேண்டும். 1975 முதல் 1985 வரை 11 படங்கள். அதன்பின் ‘மாற்றுக் குழந்தை’ (1987), ‘ஆப்பிரிக்காவுக்கு ரோஜாக்கள்’ (1992) என்று இரண்டே. உடல்நலமும் குடியும் இதில் பங்கு வகித்திருக்கலாம். ஆனாலும், அதே உடலோடும் அதே பிடிவாதத்தோடும் முந்தைய பத்தாண்டில் அவர் ஓய்வின்றி வேலை செய்தவர். ஆதரித்த ஏற்பாடு தளர்ந்ததும் படங்கள் குறைந்தன என்று கொள்வதே பொருத்தம். 1990களில் அமெரிக்கா சென்ற அவர், 1998 ஜூலையில் சிகாகோவில் 54 வயதில் இறந்தார்.

அவரைக் காத்த அதே ஏற்பாடுதான் அவரை மறைக்கவும் செய்தது. தொலைக்காட்சிக்கென எடுத்த படம் ஒருமுறை ஒளிபரப்பானதும் நிலையத்தின் பெட்டகத்துக்குப் போய்விடும். உரிமையும் அங்கேயே தங்கிவிடும். திரையரங்கில் ஓடாத படம் விமர்சகர்களின் பட்டியலில் ஏறுவதில்லை. ‘புதிய ஜெர்மானிய சினிமா’ என்றதும் ஃபாஸ்பிண்டர், ஹெர்சோக், வெண்டர்ஸ் என்று வரும் வரிசையில், அதே ஆண்டுகளில் அதே பணத்தில் அதே நகரங்களில் படமெடுத்த சாலெஸுக்கு இடம் கிடைக்கவில்லை. ஈரானியத் திரை வரலாறோ அவரைக் கியாரோஸ்தமிக்கு முன்னோடி என்று இரண்டு படங்களோடு நிறுத்திக்கொண்டது. 2004இல் ஃபாத்தி அகினின் ‘தலைக்குத் தலை’ பெர்லினில் தங்கக் கரடி வென்றபோது, ஜெர்மானியத் திரையில் துருக்கியர் வாழ்வு என்பது புதிய செய்தியாகப் பேசப்பட்டது. ‘அந்நிய மண்ணில்’ 29 ஆண்டுகளுக்கு முன் அதே விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்ட படம்.